குமரியில் மரம் வைக்க வந்தவர்களுக்கு

வேலை மாற்றலாகி நாகர்கோவில் பக்கம் வருகிறவர்கள், அஞ்சோ பத்தோ சென்ட் வாங்கி வீடு கட்டி முடித்ததும் முதலில் செய்வது நர்சரிக்குப் போவதுதான். அங்கே எது பூத்து நிற்கிறதோ அதை வாங்கி வந்து மதிலோரம் நட்டுவிடுகிறார்கள். மூன்றாம் வருஷம் பாதி பட்டுப்போயிருக்கும், மீதி மதிலைத் தள்ளிக்கொண்டிருக்கும். நானும் முதல் தடவை அப்படித்தான் செய்தேன். அப்போது பக்கத்து விளையில் (தோட்டத்தில்) மரச்சீனிக்கு, அதாவது மரவள்ளிக்கு, மண் கூட்டிக்கொண்டிருந்த ஆச்சி ஒருத்தி, "மக்ளே, மரம் வாங்கதுக்கு முந்தி காத்து எந்தப் பக்கம் அடிக்குன்னு பாத்தியா? வெள்ளம் எங்கின கெட்டி நிக்குன்னு பாத்தியா?" என்று கேட்டாள். இரண்டையும் நான் பார்த்திருக்கவில்லை. இந்தக் கட்டுரை முழுக்க அவள் கேட்ட அந்த இரண்டு கேள்விகளைச் சுற்றித்தான்.

முதலில்: உங்கள் மனை எந்தக் குமரியில் இருக்கிறது?

சின்ன மாவட்டம்தான். ஆனால் ஒரு மணி நேரம் பஸ்ஸில் போனால் மண்ணும் மழையும் மாறிவிடும். தென்மேற்குப் பருவமழை, வடகிழக்குப் பருவமழை இரண்டும் இங்கே உண்டு. நாஞ்சில் நாட்டு வயல்களில் கன்னிப்பூ, கும்பப்பூ என்று இரண்டு போகம் விளைந்தது இந்த இரண்டு மழையால்தான். ஆனால் இரண்டும் எல்லா ஊருக்கும் ஒரே அளவில் கிடைப்பதில்லை. மேற்கேயும் மலையடிவாரத்திலும் மழை அதிகம். கிழக்கே ஆரல்வாய்மொழிக்கும் தெற்கே கன்னியாகுமரி முனைக்கும் குறைவு.

நான் மாவட்டத்தை ஐந்து துண்டாகப் பிரித்துப் பார்ப்பேன். கடலோர மணல் ஒன்று: உப்புக்காற்று, மழை பெய்து முடிந்த கையோடு வற்றிவிடும் மண். வயல் மண் இன்னொன்று: சுசீந்திரம், பூதப்பாண்டி, நாகர்கோவில் சுற்றுவட்டாரத்தில் வயலை நிரத்தி மனை போட்ட இடங்கள் எல்லாம் இதில் வரும். மேலே கொட்டிய மண் சிவப்பாக இருந்தாலும் இரண்டடிக்குக் கீழே களிமண்தான். மூன்றாவது ஆரல்வாய்மொழிக் கணவாயின் வாய். முப்பந்தலில் காற்றாலைகளை நிறுத்தினார்கள் என்றால் அங்கே கன்றின் கதி என்னவாகும் என்று யோசித்துக்கொள்ளுங்கள். நான்காவது தக்கலை, மார்த்தாண்டம், கருங்கல் பக்கத்துச் செம்மண் மேடு. தோண்டினால் வெட்டுக்கல் என்கிற செம்பாறை தட்டும். ஐந்தாவது குலசேகரம், பேச்சிப்பாறை, கீரிப்பாறை மலையடிவாரம்: ரப்பர் நாடு, ஈரம் குறையாத நிழல் நாடு.

உங்கள் மனை எதில் என்று தெரியாவிட்டால் தெருவில் நடந்து பாருங்கள். யாரும் தண்ணீர் ஊற்றாமல் நாற்பது, ஐம்பது வருஷமாக நிற்கிற மரங்கள் எவை என்று ஒரு தாளில் எழுதுங்கள். இந்த ஒரு மாலை நடை எந்தப் புத்தகத்தையும்விட அதிகம் சொல்லித்தரும்.

இரண்டாவது: தண்ணீர் எங்கே நிற்கிறது?

மரம் வைக்க நினைக்கும் இடத்தில் இரண்டடி ஆழம், ஒன்றரையடி அகலத்துக்கு மம்பட்டியால் ஒரு குழி வெட்டுங்கள். வாய்வரை தண்ணீர் ஊற்றி முழுக்க இறங்க விடுங்கள். பிறகு மறுபடி நிரப்பிவிட்டு நேரத்தைப் பாருங்கள். அரை மணிக்குள் வடிந்தால் மணல். ஆறேழு மணி நேரத்தில் வடிந்தால் நல்ல நிலம். மறுநாள் காலையிலும் தண்ணீர் கிடந்தால் அங்கே பிலாவும் (பலாவும்) முருங்கையும் வைக்காதீர்கள். இரண்டுமே வேர் மூச்சுமுட்டிச் சாகிற மரங்கள்.

மழைக்காலத்தில் ஒரு தடவை குடையோடு மனையைச் சுற்றி வாருங்கள். மாடித் தண்ணீர் எங்கே விழுகிறது, பக்கத்து மனைத் தண்ணீர் எந்த மூலையில் தேங்குகிறது என்று பார்த்துக் குச்சி நட்டு வையுங்கள்.

மூன்றாவது: தாளில் ஒரு படம்

வீடு, கிணறு, செப்டிக் டேங்க், தண்ணீர்க் குழாய், மேலே போகிற கரண்ட் கம்பி எல்லாவற்றையும் ஒரு தாளில் போடுங்கள். மேற்குத் திசையை அம்புக்குறி இட்டுக் காட்டுங்கள். சாயங்கால வெயில் சுவரைச் சுடுவது அங்கிருந்துதான். ஆனி, ஆடிக் காற்று வருவதும் பெரும்பாலும் அந்தப் பக்கத்திலிருந்துதான்.

இடைவெளிக்கு நான் வைத்திருக்கும் கணக்கு இது. கறிவேப்பிலை, எலுமிச்சை, மாதுளை வகையறா சுவரிலிருந்து ஆறடி தள்ளி இருந்தால் போதும். கொய்யா, சாம்பக்காய் (வாட்டர் ஆப்பிள்), நெல்லிக்குப் பத்தடி. மா, பிலா, புளிக்கு இருபதடிக்குக் குறையாமல் விடுங்கள். அயனி, தேக்கு, மகோகனி போன்று தடிக்காக, அதாவது மரவேலைக்காக, வளர்க்கும் மரங்களுக்கு முப்பதடி வேண்டும். ஐந்து சென்ட் என்றால் சுமார் 2178 சதுர அடி. வீடு போக மிஞ்சுவதில் ஒரு பெரிய மரம், இரண்டு நடுத்தர மரம், வேலியோரம் நாலைந்து சின்ன மரம் அடங்கும். அதற்குமேல் ஆசைப்பட்டால் எல்லாம் ஒன்றையொன்று நெருக்கிக் கம்பு கம்பாக உயரும், காய்க்காது.

கரண்ட் கம்பிக்குக் கீழே உயரமாக வளரும் எதையும் வைக்காதீர்கள். பத்து வருஷம் கழித்து உச்சியை வெட்டி மொட்டையாக்குவதற்கு வைக்காமலேயே இருக்கலாம்.

நான்காவது: எந்த மரம்?

பிலாவிலிருந்து தொடங்குகிறேன். குமரிக்கு இதைவிடப் பொருத்தமான மரம் எனக்குத் தெரியவில்லை. செம்மண் மேடும் மலையடிவாரமும் இதற்குத் தாய்வீடு. நன்றாக வளர்ந்து நிலைத்துவிட்டால் பெரிய பராமரிப்பு கேட்காது. பிஞ்சை இடிச்சக்கை என்று துவரனுக்கு (பொரியலுக்கு) எடுக்கலாம். முற்றியதை அவித்துத் தின்னலாம். பழம் உண்டு, கொட்டையைக் குழம்பில் போடலாம். இலையை ஈர்க்கில் குத்தி மடக்கினால் கஞ்சி குடிக்கக் கரண்டி. ஆட்டுக்குத் தழை. கடைசியில் தடி. பத்மநாபபுரம் அரண்மனையின் தாய்க்கொட்டாரத்தில் ஒரே பிலாத்தடியில் செதுக்கிய தூண் ஒன்று நிற்கிறது. புதிதாக வந்தவர்கள் ஒருநாள் போய்ப் பாருங்கள். வீட்டு முற்றத்தில் வைக்கப்போகிற மரம் என்ன ஆகக்கூடும் என்று அங்கே தெரியும்.

சக்கையில், அதாவது பலாப்பழத்தில், இரண்டு சாதி. சுளை இறுக்கமாகக் கடிபடுவது வருக்கை. குழைந்து வழுக்குவது கூழன். கடையில் விலை வருக்கைக்குத்தான், ஆனாலும் கூழனை விரும்புகிற வீடுகள் உண்டு. விதை போட்டால் தாய் மரத்தைப்போலவே வரும் என்று சொல்ல முடியாது. அதனால் வருக்கை வேண்டும் என்றால் ஒட்டுக்கன்று வாங்குங்கள். நாலைந்து வருஷத்தில் காய்க்கும், விதைக்கன்று ஏழெட்டு வருஷம் எடுக்கும். பேச்சிப்பாறை தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையம் வெளியிட்ட பி.பி.ஐ. 1 என்ற ரகம் இந்த மண்ணுக்கென்றே தேர்ந்தெடுத்தது. விதை போடுவதாக இருந்தால் பழம் தின்ற அன்றோ மறுநாளோ போடுங்கள். சக்கைக்கொட்டை காய்ந்தால் முளைப்பு போய்விடும். நேராக நிற்கவேண்டிய இடத்திலேயே மூன்று கொட்டை ஊன்றி, நன்றாக வருகிற ஒன்றை மட்டும் விட்டால் ஆணிவேர் ஒடியாமல் கீழே இறங்கும்.

பிலாவின் சொந்தக்காரன் அயனி. மார்த்தாண்டம், குலசேகரம் பக்கம் வானளவு உயர்ந்து நிற்பதைப் பார்க்கலாம். கதவு, சன்னல், வள்ளம் (படகு) எல்லாவற்றுக்கும் பேர்போன தடி. சின்ன முள்ளுப் பழத்துக்காகக் கிளியும் அணிலும் குழந்தைகளும் காத்திருப்பார்கள். இருபது சென்டுக்குக் கீழே உள்ள மனைக்கு இது வேண்டாம்.

தென்னை, இங்கே தெங்கு. கடலோரத்திலும் மணலிலும் முதல் மரம் இதுதான். ஈத்தாமொழி நெட்டைத் தேங்காய்க்குப் புவிசார் குறியீடே கிடைத்திருக்கிறது. நெட்டை ரகம் காய்க்க நாள் எடுக்கும், ஆனால் காற்றையும் வறட்சியையும் தாங்கி நிற்கும். குட்டை ரகம் இளநீருக்கு நல்லது, கவனிப்பு அதிகம் கேட்கும். இரண்டு தெங்குக்கு நடுவே இருபத்தைந்து அடி விடுங்கள். மூன்றடி நீளம், அகலம், ஆழத்தில் குழி. மணலாக இருந்தால் அடியில் கதம்பையை (தேங்காய் நார்மட்டையை) உட்குழிவு மேலே பார்க்கும்படி இரண்டு வரிசை அடுக்குங்கள், அது தண்ணீரைப் பிடித்து வைக்கும். வெட்டுக்கல் தட்டுகிற இடமாக இருந்தால் குழியை நாலடியாக்கி, நடுவதற்கு ஆறு மாதம் முன்னால் இரண்டு கிலோ கல்லுப்பைக் குழியில் போட்டு வைப்பது பழைய முறை. கல் இளகிக் கொடுக்கும். வீட்டுக் கூரைக்கும் நடைபாதைக்கும் மேலே தேங்காய் விழாத இடமாகப் பாருங்கள்.

மா என்றால் இங்கே செங்கவருக்கை. வேறு ஊரிலிருந்து வந்தவர்கள் ஒரு தடவை சாப்பிட்டால் பிறகு பங்கனப்பள்ளியைத் தேட மாட்டார்கள். ஆனால் மலையடிவாரத்தில் பூக்கிற நேரம் மழையோ பனியோ பிடித்தால் பூ கருகி உதிரும். அங்கே மாவை நம்பி இருக்காதீர்கள். நடுமேட்டிலும் கிழக்கிலும் நன்றாகக் காய்க்கும்.

மீன்குழம்பு வீட்டுக்கு குடம்புளி. நிழலும் ஈரமும் உள்ள மேற்குப் பகுதிக்கு ஏற்றது. இதில் ஆண் மரம், பெண் மரம் தனித்தனி. விதைக்கன்று வைத்தால் பூக்கும்வரை எது என்று தெரியாது, அதற்குப் பத்து வருஷம் போய்விடும். நான் ஒரு கடையில் ஒட்டு என்று சொன்னதை நம்பி வாங்கினேன். ஒன்பதாம் வருஷம் பூத்தது, ஆண். தண்டில் ஒட்டுத் தழும்பு இருக்கிறதா என்று அன்றைக்கே பார்த்திருந்தால் ஒன்பது வருஷம் மிஞ்சியிருக்கும். ஜாதிக்காய்க்கும் இதே எச்சரிக்கை. தெங்கின் நிழலில் ஜாதி மிக நன்றாக வரும், ஆனால் பெண் மரத்திலிருந்து எடுத்த ஒட்டாக இருக்கவேண்டும். ரம்புத்தானும் மலையடிவாரத்துக்கு ஒத்துப்போகிறது, அதற்கும் ஒட்டுக்கன்றுதான்.

மேற்கில் இருப்பவர்கள் ஒரு திரளி மரம் வையுங்கள். திருக்கார்த்திகைக்குத் திரளிக் கொழுக்கட்டை அவிக்க, இலைக்காகத் தெருத்தெருவாக அலைகிறவர்களைப் பார்க்கிறேன். பட்டை மரத்தின் இனம், இலையைக் கசக்கினாலே மணக்கும். வேலிமூலையில் ஒன்று நின்றால் தெருவுக்கே போதும். சீமைச்சக்கையும் (கறிப்பலாவும்) அந்தப் பக்கத்துக்கு நல்ல மரம். விதை இருக்காது. வேரிலிருந்து கிளம்பும் கன்றைப் பிரித்துத்தான் நடவேண்டும். நன்றாகக் காய்க்கிற வீட்டில் கேட்டு வாங்குங்கள்.

கடலோரத்தில் தெங்கு தவிர புன்னையும் பூவரசும் வையுங்கள். உப்புக்காற்றை வாங்கிக்கொண்டும் பச்சையாக நிற்கும். பூவரசு கம்பை ஊன்றினாலே தளிர்க்கும், வேலிக்கு அதைவிட எளிதான மரம் இல்லை. கொல்லாமரமும் (முந்திரியும்) மணலில் வரும். அண்டி வறுக்கிற வாசனை தெரிந்த ஊர்க்காரர்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை. அதன் கிளை தாழ்ந்து பரந்து போகும், முற்றத்துக்கு ஆகாது, பின்பக்கம் வையுங்கள்.

பனையைத் தனியாகச் சொல்லவேண்டும். தமிழ்நாட்டின் மாநில மரம். அக்கானி (பதநீர்), கருப்பட்டி, நுங்கு, கிழங்கு, ஓலை என்று அத்தனையும் தரும் மரத்தை இப்போது யாரும் வைப்பதில்லை, காய்க்கப் பன்னிரண்டு, பதினைந்து வருஷம் ஆகும் என்பதால். மனையின் எல்லையில் பனங்கொட்டை நாலைப் புதைத்துவிட்டு மறந்துவிடுங்கள். கன்றாகப் பிடுங்கி நடாதீர்கள், முளை முதலில் கீழே ஆழமாகப் போகும், அது ஒடிந்தால் பிழைக்காது. தண்ணீர் ஊற்றவேண்டாம், உரம் வேண்டாம்.

வயலை நிரத்திய மனையில் தண்ணீரைப் பொறுக்கும் மரங்கள்தான் நிற்கும்: நாவல், நீர்மருது, புங்கு, சாம்பக்காய். மற்றதை வைக்க ஆசை என்றால் இரண்டடி உயரத்துக்கு மேடு கூட்டி அதன் மேல் வையுங்கள். ஆரல்வாய்மொழி, தோவாளைப் பக்கம் வேம்பு, புளி, நெல்லி, கொன்றை. நெல்லியில் இரண்டு ரகம் சேர்த்து வைத்தால் காய்ப்பு கூடும். கொன்றை சித்திரையில் பூத்தால் அந்தத் தெருவே மஞ்சளாகும். சுசீந்திரம் தாணுமாலயன் கோயிலின் தலமரமும் அதுவே.

முருங்கை எல்லாரும் கேட்பது. கிழக்கிலும் மணலிலும் கொட்டிக் காய்க்கும். மேற்கே மழை அதிகம் என்பதால் இலைக்குத்தான் வரும், பூ நிற்காது. கிளை கண்ணாடிபோல ஒடியும், வீட்டுக்கூரையிலிருந்து தள்ளி வையுங்கள். வருஷாவருஷம் இடுப்பளவுக்கு வெட்டிவிட்டால் கைக்கெட்டும் உயரத்தில் காய் பறிக்கலாம்.

வைக்கவேண்டாம் என்று நான் சொல்கிறவை: செப்டிக் டேங்க், கிணறு பக்கத்தில் ஆல், அரசு, அத்தி. வீட்டை ஒட்டிக் குல்மொஹர், தூங்குமூஞ்சி. எங்குமே கோனோகார்பஸ். அலங்காரத்துக்கு என்று விற்றார்கள், பறவைக்குக்கூடப் பயன்படாத மரம் அது.

ஐந்தாவது: கன்று பார்த்து வாங்குவது

பெரிய கன்று நல்ல கன்று என்று நினைக்கிறோம். இல்லை. நாலடி உயரக் கன்று சின்னப் பையில் நிற்கிறது என்றால் அதன் வேர் உள்ளே சுருண்டு கிடக்கிறது. நான் இப்படி வாங்கிய ஒரு பிலா பன்னிரண்டு வருஷம் கம்பீரமாக நின்றது. 2017 நவம்பர் கடைசியில் ஒக்கிப் புயல் அடித்த இரவில் வேரோடு சாய்ந்தது. மறுநாள் பார்த்தால் ஆணிவேர் பையின் அடியில் சுற்றிய சுற்றோடு முறுக்கு மாதிரியே இருந்தது. மண்ணுக்குள் இறங்கவே இல்லை. பக்கத்தில் கொட்டை போட்டு முளைத்த பிலா கிளை மட்டும் ஒடிந்து நின்றது. அந்தப் புயலில் மாவட்டம் முழுக்க ரப்பரும் தெங்கும் வாழையும் சாய்ந்துகிடந்த காட்சியை இங்கிருப்பவர்கள் மறக்க மாட்டார்கள். எனக்கு அந்த ஒரு வேரும் மறக்காது.

ஆகவே ஒன்றரையடி, இரண்டடிக் கன்று போதும். பையின் அடியில் வேர் வெளியே நீண்டு தரையைப் பிடித்திருந்தால் வேண்டாம். தண்டு பென்சில் கனமாவது இருக்கவேண்டும். ஒட்டுக்கன்றில் ஒட்டின இடம் நன்றாகக் கூடியிருக்கிறதா, இலை ஒட்டுக்கு மேலே இருந்துதான் வருகிறதா என்று பாருங்கள். தெங்கம்பிள்ளை என்றால் ஒன்பது மாதத்துக்கும் ஒரு வருஷத்துக்கும் இடைப்பட்டது, ஆறு ஓலைக்குக் குறையாதது, கழுத்து பருத்தது. பேச்சிப்பாறையிலும் கன்னியாகுமரி அரசு பழப்பண்ணையிலும் புத்தளம் தென்னை நாற்றுப்பண்ணையிலும் கேட்டுப் பாருங்கள். மழை தொடங்கும் முன்பே போங்கள், தொடங்கிய பிறகு நல்ல கன்று மிஞ்சாது.

ஆறாவது: நடுவது

காலம்தான் பாதி வேலை. மேற்கில் இருந்தால் ஜூன் தொடக்கத்தில் மழை இறங்கியதும் நடுங்கள். பெரியவர்கள் எடவப்பாதி என்பது இதைத்தான். கிழக்கில் இருந்தால் அந்த மழையை நம்பாதீர்கள், அது காற்றோடு போய்விடும். ஐப்பசித் துலாமழைக்குக் காத்திருங்கள்.

குழியை ஒரு மாதம் முன்பே வெட்டி வெயில் படவிடுங்கள். தெங்கைத் தவிர மற்ற கன்றுகளுக்கு இரண்டடி போதும், கல் தட்டினால் மூன்றடி. மேல்மண்ணைத் தனியாக, அடிமண்ணைத் தனியாகக் கொட்டுங்கள். நிரப்பும்போது மேல்மண், மக்கிய சாணம், கொஞ்சம் வேப்பம்பிண்ணாக்கு கலந்து அடியில் போடவேண்டும். மக்காத சாணம் போட்டால் கறையானும் வண்டும் வரும், தெங்குக்கு எமனான காண்டாமிருக வண்டு பெருகுவது சாணக்குழியில்தான்.

பையைக் கிழித்து எடுங்கள், பையோடு நடுகிறவர்களை இன்றும் பார்க்கிறேன். சுற்றிய வேர் இருந்தால் பிரித்து விடுங்கள், முடியாவிட்டால் கத்தரியுங்கள். ஒட்டு இடம் மண்ணுக்கு மூன்று விரலாவது மேலே நிற்கவேண்டும். மண்ணைக் காலால் மிதித்து இறுக்காமல் கையால் அமுக்குங்கள். மேற்கே மழை அதிகமான இடத்தில் கன்றைச் சுற்றி மேடாக்குங்கள், கிழக்கே தண்ணீர் தேங்கும் தடமாக்குங்கள். ஒரே வேலை, இரண்டு பக்கமும் நேர் எதிராகச் செய்யவேண்டும்.

காற்றுக்குக் குச்சி கட்டும்போது இறுக்காதீர்கள். வாழைநாரால் எட்டு போலச் சுற்றி, கன்று கொஞ்சம் ஆட இடம் விடுங்கள். ஆடினால்தான் அடித்தண்டு பருக்கும். ஒரு வருஷத்தில் குச்சியை எடுத்துவிடுங்கள்.

ஏழாவது: முதல் இரண்டு கோடை

மாசியிலிருந்து சித்திரை முடியத்தான் கன்று சாகிற காலம். அந்த மூன்று மாதமும் வாரத்துக்கு இரண்டு தடவை, ஒவ்வொரு தடவையும் ஒரு குடம் தண்ணீர், மெதுவாக. தினமும் ஒரு செம்பு ஊற்றினால் வேர் மேலேயே தங்கிவிடும். தடத்தில் சருகும் கதம்பையும் பரப்புங்கள், தண்டைத் தொடாமல் நாலு விரல் தள்ளி. தெற்கிலும் மேற்கிலும் தென்னோலையைச் சாய்த்து நிழல் கொடுங்கள். சருகைக் கூட்டித் தீ வைக்காதீர்கள், மரத்துக்குப் போகவேண்டிய உரம் அது.

ஒட்டுக்குக் கீழே தளிர் கிளம்பினால் நகத்தால் கிள்ளிவிடுங்கள். மா ஒட்டு முதல் இரண்டு வருஷம் பூத்தால் பூவையும் எடுத்துவிடுங்கள். மனசு வராது, ஆனால் செய்யுங்கள்.

எட்டாவது: காற்றுக்கு முன்னால்

மரம் கூரை உயரத்துக்கு வந்ததும் வருஷத்துக்கு ஒரு தடவை வேலை இருக்கிறது. புரட்டாசியில் கீழே நின்று மேலே பாருங்கள். காய்ந்த கம்பு, ஒன்றோடொன்று உரசும் கிளை, வீட்டுப் பக்கம் மட்டும் கனத்துப்போன கிளை இவற்றை எடுத்துவிடுங்கள். இலைக்கூட்டத்துக்குள் வானம் அங்கங்கே தெரிந்தால் காற்று ஊடுருவிப் போகும், மரத்தைத் தள்ளாது. உச்சியை மொட்டையடிக்காதீர்கள், அங்கே பத்துக் கம்பு நெருக்கமாக முளைத்து அடுத்த காற்றில் பிளந்து விழும். கிளையைத் தண்டோடு ஒட்டிச் சீவாமல், அடியில் பருத்திருக்கும் வளையத்தை விட்டு வெட்டுங்கள், காயம் தானே மூடும். பிலாவில் ஒரு சிறப்புக் கவனம்: அது பெரும்பாலும் தண்டிலும் தடித்த கிளையிலும்தான் காய்க்கிறது, அதனால் நடுவே இருக்கும் கனத்த கம்பைத் தொடாமல் ஓரத்தை மட்டும் குறையுங்கள். தெங்கில் காய்ந்த மடலையும் முற்றிய குலையையும் இறக்க, மழைக்கு முன்பே மரமேறுகிறவரிடம் நாள் சொல்லி வையுங்கள். ஐப்பசி பிறந்துவிட்டால் அவர் கிடைக்க மாட்டார்.